ஆகாயத் தபால்: அடையாற்று அலமாரியும் பேசும் உரிமையும்

1

வேற்று உலகங்களோடு பேசுவது குறித்து நம்மிடம் இரண்டே இரண்டு பேச்சுகள்தான் உண்டு. ஒன்று, அது உண்மை. இன்னொன்று, அது புரட்டு. ஆன்மிகவாதி முதலாவதிலும் பகுத்தறிவுவாதி இரண்டாவதிலும் உட்கார்ந்துகொண்டு நூறு வருடமாக மல்லுக்கட்டுகிறார்கள். இதில் நான் எந்தப் பக்கம் என்பதை ஒளிக்க வேண்டியதில்லை. ஆகாயத்திலிருந்து தபால் வரும் என்பதில் எனக்கு நம்பிக்கை கிடையாது. ஆனால் 'புரட்டு' என்று சொல்லி முடித்துவிட்டால் அந்தப் புரட்டுக்கு ஏன் அப்படியொரு வடிவம் வாய்த்தது என்ற கேள்வி காணாமல் போய்விடுகிறது. யார் அனுப்புகிறார், யாருக்கு வருகிறது, நடுவில் சுமப்பவர் யார், என்ன மொழி, பிழை வந்தால் யார் தலையில் விடிகிறது? இவையெல்லாம் அதிகாரம் பற்றிய கேள்விகள். மேலுலகம் பொய்யாக இருக்கலாம். அதற்குப் போட்ட தபால் பாதை மெய்யான மனிதர்கள் வழியாகத்தான் போகிறது.

ஒவ்வொரு காலமும் தனக்குத் தெரிந்த கருவியை மாதிரியாக வைத்துத்தான் மேலுலகத்தைக் கற்பனை செய்கிறது. 1844 மே மாதம் மோர்ஸ் வாஷிங்டனிலிருந்து பால்டிமோருக்குத் தந்தி அடித்தார். நான்கு ஆண்டுகூட முழுசாக ஆகவில்லை, 1848 மார்ச் 31 அன்று நியூயார்க் மாகாணத்து ஹைட்ஸ்வில் கிராமத்தில் ஃபாக்ஸ் வீட்டுச் சின்னப் பெண்களின் கேள்விகளுக்குச் செத்தவன் ஒருவன் தட்டித் தட்டிப் பதில் சொன்னதாகச் செய்தி பரவியது. எழுத்துகளை வரிசையாகச் சொல்லிக்கொண்டே வந்தால் வேண்டிய எழுத்தில் ஆவி தட்டும். அதாவது தந்தி. 1852இல் நியூயார்க்கில் தொடங்கிய ஆவியுலகப் பத்திரிகை ஒன்றுக்கு 'ஆன்மிகத் தந்தி' என்ற பொருளில்தான் பெயரே வைத்தார்கள்.

இதில் இன்னொன்றும் இருக்கிறது. அந்தப் பெண்களை ஆதரித்து ராச்செஸ்டரில் இடம் கொடுத்த ஏமி போஸ்ட் அடிமை ஒழிப்புக்கும் பெண்ணுரிமைக்கும் உழைத்தவர். அதே 1848 ஜூலையில் செனகா ஃபால்ஸில் கூடிய பெண்ணுரிமை மாநாட்டில் கலந்துகொண்டவர். பெண் மேடையேறிப் பேசினாலே முகம் சுளித்த சமூகத்தில், 'பேசுவது நானில்லை, என் வழியாக வேறொருவர்' என்று சொன்ன பெண்ணுக்கு மேடை கிடைத்தது. பேச்சு கிடைத்தது, ஆனால் தன் பேச்சாக இல்லை. 1888இல் மார்கரெட் ஃபாக்ஸ் நியூயார்க்கில் மேடையேறி, அத்தனையும் கால்விரல் மூட்டைச் சொடுக்கிய சத்தம்தான் என்று சொன்னார். மறு வருடமே சொன்னதைத் திரும்பப் பெற்றார். நாற்பது வருடம் ஆவிகளின் பேரில் அவர் பேசியதைக் கேட்டவர்கள் உண்டு. தன் பேரில் பேசியதை ஒரே முடிவாக யாரும் ஏற்கவில்லை. இந்த முரணைக் கையில் வைத்துக்கொண்டு நம் ஊர்ப் பக்கம் வருவோம்.

2

1875இல் நியூயார்க்கில் பிளாவாட்ஸ்கி, ஆல்காட், ஜட்ஜ் முதலானோர் பிரம்மஞான சபையைத் தொடங்கினார்கள். பிளாவாட்ஸ்கியும் ஆல்காட்டும் 1879இல் பம்பாய் வந்து, 1882 டிசம்பரில் சென்னை அடையாற்றுக்குக் குடிபெயர்ந்தார்கள். அவர்களுடைய பிரபஞ்சம் பல தளங்கள் கொண்டது. பின்னாளில் சபைக்காரர்கள் அதை ஏழு தளமாக நேர்த்தியாக அடுக்கினார்கள்: தூலம், அதற்கு மேல் சூட்சுமம், அதற்கும் மேல் மனம் என்று ஏறிக்கொண்டே போகும். மேலே போகப்போக ஆட்கள் குறைவு, அறிவு அதிகம். இது ஒரு செயலகக் கட்டடம் மாதிரி இருக்கிறது என்று நினைத்தால் நினைத்தது தப்பில்லை.

ஆவியுலகவாதிகளின் செத்த தாத்தாக்கள் இங்கே இல்லை. மேல்தளங்களின் சக்தியைக் கையாளத் தெரிந்த, ஆனால் உயிரோடு இருக்கிற 'மகாத்மா'க்கள், திபெத்துப் பக்கம் வாழ்பவர்கள், கூட் ஹூமி, மோர்யா என்று பெயர் கொண்டவர்கள், கடிதம் எழுதினார்கள். 1880 அக்டோபரில் சிம்லாவில், அலகாபாத் 'பயனியர்' பத்திரிகையின் ஆசிரியர் சின்னெட், முகம் தெரியாத அந்த 'சகோதரர்' ஒருவருக்குக் கடிதம் எழுதி பிளாவாட்ஸ்கியிடம் கொடுக்கிறார். பதில் வருகிறது. தொடர்ந்து சில வருடங்களில் நூற்றுக்கும் மேற்பட்ட கடிதங்கள். கூட் ஹூமிக்குப் பெரும்பாலும் நீலம், மோர்யாவுக்குச் சிவப்பு. நீல மை, சிவப்பு மை, கையொப்பம், குறிப்பு, மறுகுறிப்பு: காலனிய அலுவலகக் கோப்பின் இலக்கணம் முழுசாக இங்கே இருக்கிறது.

பெறுநர் பட்டியலைப் பாருங்கள். நீண்ட கடிதங்கள் போனது யாருக்கு? ஆங்கிலேயப் பத்திரிகை ஆசிரியர் சின்னெட்டுக்கும், ஆட்சிப் பணியில் உயர் பதவி வகித்த, 1885இல் காங்கிரஸ் உருவாகக் காரணமானவர்களில் ஒருவரான ஏ.ஓ. ஹியூமுக்கும். 1878இல் வைஸ்ராய் லிட்டன் நாட்டுமொழிப் பத்திரிகைகளின் வாயைக் கட்டச் சட்டம் கொண்டுவந்தார். 1882இல் அது ரத்தாகும்வரை நம் மொழிகளில் அரசை விமர்சிப்பது ஆபத்தான காரியம். அந்த இடைவெளியில்தான் சிம்லா மலையில் ஒரு 'இந்திய' ஞானி வெள்ளைக்காரப் பத்திரிகை ஆசிரியரைக் கடிந்துகொள்கிறார், பாடம் எடுக்கிறார், 'உமக்குப் புரியாது' என்கிறார். எப்படி முடிந்தது? அவருக்கு உடம்பு இல்லை, ஊர் இல்லை, சாதிச் சான்றிதழ் இல்லை, இங்கிலீஷ் மட்டும் இருந்தது. உடம்போடு இருந்த இந்தியன் அதே வரியை எழுதியிருந்தால் வாசலைத் தாண்டியிருக்காது.

இன்னொரு சுவாரசியம். மேற்படி லிட்டனின் தகப்பனார் புல்வர் லிட்டன் நாவலாசிரியர். மறைஞானிகளை வைத்து 1842இல் 'ஸனோனி' எழுதியவர். அந்த நாவல் உலகம் பிளாவாட்ஸ்கியின் எழுத்துகளில் ஊறிக் கிடக்கிறது என்பதைப் பலர் காட்டியிருக்கிறார்கள். தகப்பன் புனைவில் கீழைய ஞானத்தை விதைக்கிறார், மகன் கீழை மொழிகளின் பத்திரிகைக்குப் பூட்டுப் போடுகிறார், அடுத்த சில வருடத்தில் அந்தப் புனைவு நிஜக் கடிதமாக சிம்லாவில் விழுகிறது. ஓரியண்டலிசம் பற்றி நாம் கனமாகப் பேசுகிறோமே, அதன் ஒரு குடும்பப் படம் இது.

ஏன் திபெத்? வெள்ளைக்காரன் போக முடியாத இடம் என்பதால். 1903-04இல் யங்ஹஸ்பண்ட் படையோடு நுழையும்வரை லாசா மூடியே இருந்தது. ஆனால் இந்தியர்கள் போய்வந்தார்கள். நில அளவைத் துறை அனுப்பிய நைன் சிங் ராவத் 1860களில் யாத்ரிகர் வேஷத்தில் லாசா வரை நடந்தார். 108 மணிக்குப் பதில் 100 மணி கோத்த ஜெபமாலையால் காலடியை எண்ணி, பிரார்த்தனைச் சக்கரத்துக்குள் குறிப்புகளை ஒளித்துக் கொண்டுவந்தார். திபெத்திலிருந்து மெய்யாகவே செய்தி கொண்டுவந்த ஆள் காலால் நடந்து, எண்ணிச் சுமந்து வந்தார். அதே திபெத்திலிருந்து பொய்யாக வந்த செய்தி ஒரு நொடியில் மேஜைமேல் விழுந்தது. உழைப்பை அழித்துவிட்டு அறிவை மட்டும் வாங்கிக்கொள்ளும் ஆசைக்குத்தான் 'சூட்சும தளம்' என்று பெயர்.

3

இனி தொழில்நுட்பம். கடிதம் கையால் எழுதப்படுவதில்லை என்றார்கள். மகாத்மா நினைப்பார், சீடன் வாங்குவான், எழுத்து காகிதத்தில் படியும். வேதியியலில் 'வீழ்படிவு' என்கிறோமே, அந்தச் சொல்லைத்தான் அவர்களும் பயன்படுத்தினார்கள்.

முதல் கடிதத்திலேயே சின்னெட் ஒரு சோதனை வைத்தார்: லண்டன் 'டைம்ஸ்' இதழை அது வெளியாகும் நாளிலேயே சிம்லாவில் காட்டுங்கள். கூட் ஹூமி மறுத்துவிட்டார். அவ்வளவு பெரிய அத்தாட்சிக்கு உலகம் இன்னும் பக்குவப்படவில்லையாம். 1870லேயே இந்தியாவையும் இங்கிலாந்தையும் கடலடித் தந்தி இணைத்துவிட்டது, சேதி வந்துசேரும். காகிதம்தான் வராது. மகாத்மா தோற்றது சாதாரணத் தபாலிடம்.

அடுத்தது பிழை. 1883இல் ஹென்றி கிடில் என்ற அமெரிக்க ஆவியுலகவாதி ஒரு புகார் கிளப்பினார். தாம் 1880இல் ஆற்றிய சொற்பொழிவின் பகுதிகள், சின்னெட் வெளியிட்ட கூட் ஹூமி கடிதத்தில் பேர் சொல்லாமல் அப்படியே இருக்கின்றன என்றார். திருட்டு. மகாத்மாவின் விளக்கம் என்ன தெரியுமா? நீண்ட குதிரைப் பயணக் களைப்பில் அவர் மனத்தால் சொல்ல, அனுபவமில்லாத இளம் சீடன் ஒருவன் அதைச் சரியாகப் படியவைக்காமல் விட்டுவிட்டான்; மேற்கோள் என்று காட்டும் பகுதிகள் விடுபட்டுப்போயின. ஆக, சரியாக வந்தால் குருவின் ஞானம். தப்பாக வந்தால் பையனின் கோளாறு. இதைப் படிக்கும்போது எனக்கு மேலுலகம் ஞாபகம் வரவில்லை, ஆபீஸ்தான் ஞாபகம் வந்தது. கீழே இருப்பவன் பேசும் குரலாக ஒருபோதும் கணக்கில் வருவதில்லை. பிழையாக மட்டும் கணக்கில் வருகிறான்.

மேலுலகத்துக்கு இகலோகக் காரியங்களும் இருந்தன. 1883இல் சின்னெட்டை ஆசிரியராக வைத்து இந்திய முதலீட்டில் 'ஃபீனிக்ஸ்' என்றொரு நாளிதழ் தொடங்க மகாத்மாக்களே மும்முரம் காட்டினார்கள். குத்தகைச் சட்டத்தை எதிர்த்துக்கொண்டிருந்த வங்காள ஜமீன்தார்களின் காரியத்தோடு அந்த முயற்சி முடிச்சுப்போடப்பட்டதும், பிறகு பணம் சேராமல் படுத்ததும் அந்தக் கடிதங்களிலேயே பதிவாகியிருக்கிறது. ஏழு தளத்துக்கு மேலிருந்து பார்த்தாலும் குடியானவன் கண்ணில் படவில்லை, ஜமீன்தார் பட்டிருக்கிறார்.

4

அடையாற்று மாளிகையில் பிளாவாட்ஸ்கியின் படுக்கையறையை ஒட்டி ஒரு 'மறைஞான அறை'. அதன் சுவரில் ஒரு மர அலமாரி தொங்கியது. உள்ளே மகாத்மாக்களின் படங்கள். கடிதத்தை வைத்துக் கதவைச் சாத்தித் திறந்தால் பதில் இருக்கும். 1883 ஆகஸ்டில் ஜெனரல் மோர்கன் முன்னிலையில் விழுந்து உடைந்த பீங்கான் தட்டு ஒன்றின் துண்டுகளை உள்ளே வைத்து, சற்று நேரம் கழித்துத் திறந்தால் முழுத் தட்டாக இருந்ததாம்.

அந்த வீட்டில் எம்மா கூலோம் என்றொரு பெண் இருந்தார். 1870களின் தொடக்கத்தில் கெய்ரோவில் பிளாவாட்ஸ்கிக்குப் பழக்கமானவர். நொடித்துப்போய், 1880இல் கணவர் அலெக்சிஸோடு பம்பாய்க்கு வந்து அடைக்கலம் கேட்டவர். எம்மா வீட்டு நிர்வாகம், அலெக்சிஸ் தச்சு, சில்லறை வேலைகள். 1884இல் பிளாவாட்ஸ்கியும் ஆல்காட்டும் ஐரோப்பா போயிருந்தபோது சண்டை முற்றி, மே மாதம் இருவரும் வெளியேற்றப்பட்டார்கள். செப்டம்பரில் 'மெட்ராஸ் கிறிஸ்தவக் கல்லூரி இதழ்' எம்மா கொடுத்த கடிதங்களை வெளியிட்டது. பிளாவாட்ஸ்கி தமக்கு எழுதியவை என்று எம்மா சொன்ன அந்தக் கடிதங்களில் அற்புதங்களை எப்படி ஏற்பாடு செய்வது என்ற குறிப்புகள் இருந்தன. தட்டு இரண்டாக வாங்கப்பட்டது, அலமாரிக்குப் பின்பக்கம் வழி இருந்தது என்றார் எம்மா. கடிதங்கள் போலி, பலகைக் கதவுகள் பிளாவாட்ஸ்கி போன பிறகு அலெக்சிஸ் செய்த சதி என்றது சபை. அலமாரியைச் சபைக்காரர்களே கழற்றி எரித்துவிட்டது விசாரணையில் வெளிவந்தது. வழக்குப் போட வேண்டும் என்று பிளாவாட்ஸ்கி துடித்தார். மகாத்மாக்களின் பேரைக் கோர்ட்டில் இழுக்கக் கூடாது என்று சபை தடுத்துவிட்டது.

லண்டனில் 1882இல் தோன்றிய உளவியல் ஆய்வுச் சங்கம் ரிச்சர்ட் ஹாட்சனை அனுப்பியது. 1884 டிசம்பரில் அடையாறு வந்தார். 1885 டிசம்பரில் வெளியான அறிக்கை பிளாவாட்ஸ்கியைத் தேர்ந்த மோசடிக்காரர் என்று முடிவுகட்டியது. கூடவே, அவர் ருஷ்ய உளவாளியாக இருக்கலாம் என்றும் ஊகித்தது. 1986இல் அதே சங்கத்தின் இதழில் வெர்னான் ஹாரிசன் என்ற ஆவண நிபுணர் ஹாட்சனின் கையெழுத்து வாதங்கள் பாரபட்சமானவை என்று எழுதினார். சர்ச்சை இன்னும் இருக்கிறது. தட்டு இரண்டா ஒன்றா என்பதை விட்டு, விசாரணையின் இலக்கணத்தைப் பார்ப்போம்.

மகாத்மாக்களைக் கண்ணால் பார்த்ததாகச் சாட்சி சொன்ன இந்தியர்கள் அறிக்கையில் என்ன ஆனார்கள்? ஒன்று ஏமாந்தவர்கள், அல்லது உடந்தை. சாதியைத் துறந்து சபைக்கு வந்த தாமோதர் மாவலங்கர் என்ற மராட்டிய இளைஞர் உடந்தைப் பட்டியலில் சேர்க்கப்பட்டார். 1885 பிப்ரவரியில் மகாத்மாவைத் தேடித் திபெத் பக்கம் புறப்பட்ட அவர் திரும்பவேயில்லை. இந்த விவகாரம் முழுவதிலும் அந்த அமைப்பை உயிரைக் கொடுத்து நம்பியவர் அவர் ஒருவர்தான் என்று எனக்குத் தோன்றுகிறது. எம்மாவோ சபைக்கு நன்றிகெட்ட வேலைக்காரி, மிஷனரிகளுக்குப் பயன்படும் சாட்சி. சிறு நூலாகவே தன் கதையை எழுதியும் அவர் தன்னிலையாக யாராலும் வாசிக்கப்படவில்லை. 'விளிம்புநிலை மனிதர் பேச முடியுமா' என்ற ஸ்பிவாக்கின் 1988ஆம் வருடக் கேள்வியை இங்கே நீட்டிப் பார்க்கலாம். எம்மா பேசினார், சத்தமாகவே பேசினார். கேட்டவர்கள் பிளாவாட்ஸ்கியைப் பற்றி மட்டும்தான் கேட்டுக்கொண்டார்கள்.

5

நம் ஊர்க் கோடாங்கியை இதன் பக்கத்தில் நிறுத்திப் பார்க்கிறேன். உடுக்கை அடித்து அழைக்கிறார், சாமி இறங்குகிறது. 'யாரு வந்திருக்கது, பேரைச் சொல்லு தாயி' என்று கூட்டம் கேட்கும். சொன்னது சரிவரவில்லை என்றால் 'அப்ப போன மாசம் வேற சொன்னியே' என்று மடக்கும். சாமியோடு சண்டை போடலாம், பேரம் பேசலாம். எல்லாம் பேச்சுத் தமிழில், பத்துப் பேர் பார்க்க, வியர்க்கும் ஒரு உடம்பின் வழியாக நடக்கிறது. அடையாற்று அமைப்பில் உடம்பு இல்லை, கூட்டம் இல்லை, மறுகேள்வி இல்லை. கதவைச் சாத்திய அலமாரி இருக்கிறது.

இதனால் கோடாங்கியைத் தூக்கிப் பிடிக்க நான் வரவில்லை. 'நாட்டார் மரபு' என்றாலே கண்ணை மூடிக்கொண்டு எதிர்ப்புக் கலாச்சாரம் என்று எழுதிவிடும் பழக்கம் நமக்கு வந்திருக்கிறது. பேயோட்டுகிற இடத்தில் பிரம்படி வாங்குகிற உடம்பு பெரும்பாலும் பெண்ணின் உடம்பு. கல்யாணத்தை, மாமியாரை, சாதியை எதிர்த்து அவள் பேசியதெல்லாம் 'பேய்' பேசியதாகக் கணக்குத் தீர்க்கப்படும். ஃபாக்ஸ் சகோதரிகளுக்குக் கிடைத்த அதே அரைகுறைச் சுதந்திரம்தான், அடியோடு. நான் சொல்லவருவது இவ்வளவே: காலனியச் சொல்லாடலில் ஒன்றுக்கு 'மறைஞானம்' என்று பேர், மற்றதற்கு 'மூடநம்பிக்கை' என்று பேர். இரண்டையும் பிரித்த கத்தி அறிவியல் அல்ல. இங்கிலீஷும் எழுத்தும் சாதியும் சேர்ந்து தீட்டிய கத்தி அது.

மேலிருந்து வந்த குரல் கீழே என்ன செய்தது என்பதற்கு ஒரு கடைசி உதாரணம். 1907 ஜனவரியில், சாகக் கிடந்த ஆல்காட்டின் படுக்கையருகே மகாத்மாக்கள் தோன்றி, அடுத்த தலைவராக அன்னி பெசண்டை நியமிக்கச் சொன்னதாக அறிவிக்கப்பட்டது. பிப்ரவரியில் ஆல்காட் இறந்தார், பெசண்ட் தலைவரானார். 1909இல் அடையாற்றுக் கடற்கரையில் லெட்பீட்டர் கண்டெடுத்த சிறுவனை உலககுருவின் வாகனமாக்க 1911இல் ஒரு அமைப்பே எழுந்தது. 1929இல் அந்தச் சிறுவன், ஜே. கிருஷ்ணமூர்த்தி, ஓமன் நகரில் அந்த அமைப்பைக் கலைத்தார். ஊடகமாக வளர்க்கப்பட்டவர் 'என் வழியாக யாரும் பேச வேண்டாம்' என்று எழுந்து நின்றது இந்த வரலாற்றில் அரிதான தருணம். அவருக்கு அது முடிந்தது. எம்மாவுக்கும் தாமோதருக்கும் அந்த வசதி வாய்க்கவில்லை.

6

ஆனால் இதே அடையாற்றுக்குள் வேறொரு கதவும் திறந்தது. 1892இல் சென்னை மகாஜன சபைக் கூட்டத்தில் அயோத்திதாசர் எழுந்து, சிவன் கோயிலுக்குள்ளும் விஷ்ணு கோயிலுக்குள்ளும் எங்களை ஏன் விடுவதில்லை என்று கேட்டார். உங்களுக்கு மதுரைவீரன் போன்ற சாமிகள் இருக்கிறார்களே என்று பதில் வந்தது. மேலுலகமும் சாதிவாரியாகப் பங்குபோடப்பட்டிருந்தது என்பதற்கு இதைவிடச் சாட்சி வேண்டாம். அப்படியானால் உங்கள் சாமி எங்களுக்கு வேண்டாம், பிள்ளைகளுக்குப் பள்ளிக்கூடமும் தரிசு நிலமும் கொடுக்கச் சொல்லுங்கள் என்று அயோத்திதாசர் திருப்பியடித்ததாக அவரே பதிவு செய்கிறார்.

1894இல் ஆல்காட் அடையாற்றில் பஞ்சமர் பள்ளியைத் தொடங்கினார். 1898இல் அயோத்திதாசர் ஆல்காட்டோடு தொடர்பு கொண்டு, இலங்கை போய், சுமங்கல தேரரிடம் பஞ்சசீலம் பெற்றுத் திரும்பி, சென்னையில் சாக்கிய பௌத்த சங்கத்தை அமைத்தார். 1907இல் 'ஒரு பைசாத் தமிழன்' தொடங்கியது. கவனிக்க வேண்டியது அவர் எதை எடுத்துக்கொண்டார், எதை விட்டுவிட்டார் என்பதை. பள்ளிக்கூடத்தை எடுத்துக்கொண்டார். பௌத்தத்துக்கான கப்பல் பாதையை எடுத்துக்கொண்டார். மகாத்மாவை விட்டுவிட்டார். வேறு தளத்திலிருந்து வரும் குரல் அவருக்குத் தேவைப்படவில்லை; வேறு காலத்திலிருந்து வரும் குரல் தேவைப்பட்டது. ஓலைச்சுவடி, நிகண்டு, வழக்குச்சொல், பண்டிகை என்று கையில் கிடைத்ததையெல்லாம் வைத்து, ஒடுக்கப்பட்டவர் ஒருகாலத்தில் பௌத்தராக இருந்த ஒரு கடந்தகாலத்தைப் பேசவைத்தார். அவருடைய சொல்லாராய்ச்சியில் பல இடங்கள் நிற்காது, இருக்கட்டும். அது மறுகேள்விக்குத் திறந்த பேச்சு. நாலு பக்கத் தாளில், காலணா விலையில், தெருவில் விற்கப்பட்ட பேச்சு. கதவைச் சாத்திய அலமாரி இல்லை.

இப்போது ஒரு கணக்கைப் போட்டுவிட்டு முடிக்கிறேன். இருந்தாரா என்றே தெரியாத கூட் ஹூமியின் கடிதங்கள் 1923இல் லண்டனில் நூலாயின. மூலப் பிரதிகள் 1939இல் பிரிட்டிஷ் மியூசியத்துக்குப் போய், பத்திரமாக இருக்கின்றன. 1914இல் ராயப்பேட்டையில் செத்துப்போன, சந்தேகத்துக்கு இடமில்லாமல் இருந்த அயோத்திதாசரின் எழுத்துகளைப் பழைய இதழ்களாகக் காப்பாற்றி வைத்தவர்கள் அன்பு பொன்னோவியம் போன்ற தனிமனிதர்கள். ஞான. அலாய்சியஸ் தொகுப்பாக அவை விரிவாக வெளிவந்தது 1999இல். எண்பத்தைந்து வருடம். ஒரு தளத்திலிருந்து இன்னொரு தளத்துக்குச் செய்தி போய்ச்சேர எவ்வளவு காலம் ஆகும் என்று யாராவது கேட்டால், இந்தக் கணக்கைத்தான் சொல்வேன். அந்தத் தபால் ஆகாயத்தில் தாமதமாகவில்லை. இங்கே, நம் நூலகங்களில், நம் பாடத்திட்டங்களில், நம் முற்போக்கு மேடைகளில் தாமதமானது. சுமந்து வந்தவர்களின் பெயரையாவது இனி பிழையில்லாமல் எழுதுவோம்.